ஆங்கிலச் செவ்வியல் எழுத்தாளர்களின் வாழ்க்கை வரலாறுகள்: எந்த நூல், எந்தப் பதிப்பு, எப்படிப் படிப்பது

கேள்வி இதுதான்: ‘பிரைட் அண்ட் பிரெஜுடிஸ்’, ‘ஜேன் அயர்’, ‘டேவிட் காப்பர்ஃபீல்ட்’ மூன்றையும் படித்தாயிற்று. இனி அவற்றை எழுதிய ஜேன் ஆஸ்டின், ஷார்லட் பிரான்டே, சார்லஸ் டிக்கன்ஸ் ஆகியோரின் வாழ்க்கையைப் படிக்க ஆசை. ஆனால் ஒவ்வொருவருக்கும் அலமாரி நிறைய வரலாறுகள் இருக்கின்றன. எதை எடுப்பது, எங்கே தொடங்குவது, ஆயிரம் பக்க நூலைப் பாதியில் போடாமல் எப்படி முடிப்பது?

சுருக்கமாகச் சொன்னால், ஓர் எழுத்தாளருக்கு இரண்டு நூல்கள் போதும். ஒன்று அவரை நேரில் அறிந்த நண்பரோ உறவினரோ எழுதியது. இன்னொன்று கடிதங்கள் தொகுக்கப்பட்டு அச்சேறிய பிறகு, பெரும்பாலும் 1950-க்குப் பின், ஆய்வாளர் ஒருவர் எழுதியது. முதல் வகையில் ஆளின் குரல் கேட்கும், கூடவே குடும்பத்தின் கையும் தெரியும். இரண்டாம் வகையில் தேதிகள் சரியாக இருக்கும், ஆனால் ஆசிரியருக்கென்று ஒரு சார்பு இருக்கும். இரண்டையும் அடுத்தடுத்துப் படித்தால்தான் எது தெரிந்த செய்தி, எது யூகம் என்று பிரித்தறிய முடியும். தொடங்குவதற்கு ஜேன் ஆஸ்டின் நல்லது, ஏனென்றால் நூல்கள் அளவானவை. பிறகு ஷார்லட் பிரான்டே, டிக்கன்ஸ், அதன் பின் அகராதி தொகுத்த சாமுவேல் ஜான்சன். தாமஸ் ஹார்டியையும் ஜார்ஜ் எலியட்டையும் அவர்களுடைய நாவல்கள் பிடித்திருந்தால் சேர்த்துக்கொள்ளலாம்.

எந்த வரலாற்றைக் கையில் எடுத்தாலும் முதல் அத்தியாயத்துக்கு முன் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும்: இவருடைய காகிதங்களில் எவை பிழைத்தன, எவை எரிந்தன, பிழைத்தவை யாரிடம் இருந்தன? முன்னுரையிலும் நன்றியுரையிலும் இதற்கு விடை இருக்கும். வழக்கமாக எல்லோரும் தாண்டிப்போகும் பக்கங்கள் அவை. ஆங்கில எழுத்தாளர்கள் தீ மூட்டுவதில் சளைத்தவர்கள் அல்ல. டிக்கன்ஸ் 1860 செப்டம்பரில் கேட்ஸ் ஹில் வீட்டுத் தோட்டத்தில் தமக்கு வந்த கடிதங்களைக் குவித்துக் கொளுத்தினார். கவிஞர் பைரனின் நினைவுக் குறிப்புகளை, அவர் இறந்த செய்தி லண்டனுக்கு வந்த சில நாட்களில், 1824 மே 17 அன்று பதிப்பாளர் ஜான் மர்ரியின் ஆல்பமார்ல் தெரு வீட்டுக் கணப்பில் எரித்தார்கள். ஆஸ்டினின் அக்கா கசாண்ட்ரா தங்கையின் கடிதங்களில் பெரும்பகுதியை எரித்தார். எது எரிந்தது என்று தெரியாமல் படித்தால், இருக்கும் காகிதங்கள் காட்டும் ஆளையே முழு ஆள் என்று நம்பிவிடுவோம்.

ஆஸ்டின் இதற்குத் தெளிவான உதாரணம். அவருடைய கடிதங்களில் நமக்குக் கிடைத்திருப்பவை ஏறக்குறைய 160. அவற்றில் பெரும்பாலானவை அக்காவுக்கு எழுதியவை. அக்காவும் தங்கையும் ஒரே வீட்டில் வாழ்ந்தவர்கள், எனவே இருவரில் ஒருவர் ஊருக்குப் போயிருந்த வாரங்களுக்குத்தான் கடிதம் உண்டு. ஒன்றாக இருந்த மாதங்களுக்கு ஒரு வரியும் கிடையாது. கடிதங்கள் முழுக்க விருந்து, துணி, பயணம் என்று இருப்பதற்கு ஒரு காரணம், அவை பயணக் காலத்துக் கடிதங்கள் என்பது. அன்றாட எழுத்து வேலையைப் பற்றி அதிகம் இல்லையே என்று குறைப்படுவதில் பயனில்லை.

1801 மே கடைசியிலிருந்து 1804 செப்டம்பர் வரை ஒரு கடிதமும் இல்லை. குடும்பம் ஸ்டீவன்டனை விட்டு பாத் நகரத்துக்குக் குடிபோன காலம் அது. 1802 டிசம்பரில் ஹாரிஸ் பிக்-விதர் பெண் கேட்டு, ஜேன் சம்மதித்து, மறுநாள் காலையே மறுத்ததும் இந்த இடைவெளியில்தான். அது குடும்பத்தார் பின்னாளில் சொன்னதால் மட்டுமே தெரியும். இந்த வெற்றிடத்தை ஒவ்வொரு ஆசிரியரும் எப்படி நிரப்புகிறார் என்று பார்த்தாலே அவர் எப்படிப்பட்டவர் என்று புரிந்துவிடும். கிளேர் டோமலின் 1997-ல் வெளியிட்ட வரலாறு, பாத் வாழ்க்கை ஜேனை நொறுக்கி எழுத்தையே நிறுத்திவிட்டது என்று வாதிடுகிறது. அதே 1997-ல் வந்த டேவிட் நோக்ஸின் நூல் அந்தக் காலத்தை அவ்வளவு இருட்டாகக் காட்டவில்லை. இருவர் கையிலும் இருந்தது ஒரே காகிதக் கட்டு. உறுதியாகத் தெரிந்தது இவ்வளவே: பின்னாளில் ‘நார்த்தாங்கர் அபி’ ஆன கையெழுத்துப் பிரதி 1803-ல் கிராஸ்பி என்ற பதிப்பாளருக்கு 10 பவுண்டுக்கு விற்கப்பட்டது, அவர் அதை அச்சிடவே இல்லை. பாத்திலேயே ‘தி வாட்சன்ஸ்’ என்ற நாவல் தொடங்கப்பட்டுப் பாதியில் நின்றது. எழுத்து முற்றிலும் நின்றது என்பதைக் கொஞ்சம் தள்ளுபடி செய்துதான் எடுத்துக்கொள்ள வேண்டும்.

இருந்தாலும் முதல் நூலாக டோமலினையே பரிந்துரைப்பேன். உறவினர்கள், அண்டை வீட்டார், பண நிலைமை மூன்றையும் அவ்வளவு தெளிவாக வேறு யாரும் ஒழுங்குபடுத்தவில்லை. துணைக்கு, அண்ணன் மகன் ஜேம்ஸ் எட்வர்ட் ஆஸ்டின்-லீ எழுதிய ‘எ மெமயர் ஆஃப் ஜேன் ஆஸ்டின்’. 1869 இறுதியில் வெளிவந்த சிறு நூல், இரண்டு மாலைகளில் முடிந்துவிடும். விக்டோரியா காலத்து மரியாதைக் குடும்பம் தன் அத்தையைக் கோபமோ ஆசையோ இல்லாத நல்லவளாக எப்படிக் காட்டிக்கொள்ள விரும்பியது என்பதற்கு அதுவே சாட்சி. அந்த நூலின் முகப்புப் படமும் அப்படித்தான். கசாண்ட்ரா வரைந்த சிறு ஓவியத்தில், அது இப்போது லண்டன் நேஷனல் போர்ட்ரெய்ட் கேலரியில் இருக்கிறது, கைகட்டிய, சற்றுக் கடுகடுப்பான முகம் இருக்கும். 1869-ல் அதை மெழுகிச் சாந்தமாக்கி அச்சிட்டார்கள். 2017-ல் வந்த இங்கிலாந்தின் 10 பவுண்டு நோட்டில் இருப்பது அந்த மெழுகிய முகம்.

பிரான்டே விஷயத்தில் பதிப்பைப் பார்க்காமல் வாங்கினால் ஏமாந்துபோவீர்கள். ஷார்லட் 1855 மார்ச் 31 அன்று இறந்தார். தந்தை பாட்ரிக் கேட்டுக்கொண்டதன் பேரில் நாவலாசிரியை எலிசபெத் காஸ்கெல் எழுதிய ‘தி லைஃப் ஆஃப் ஷார்லட் பிரான்டே’ 1857-ல் வெளிவந்தது. தம்பி பிரான்வெல்லைக் கெடுத்தவர் அவர் பாடம் சொல்லிக்கொடுத்த வீட்டின் எஜமானி என்று காஸ்கெல் வெளிப்படையாக எழுதினார். அந்தப் பெண்மணி, முன்னாள் திருமதி ராபின்சன், அப்போது மறுமணம் செய்து லேடி ஸ்காட் ஆகியிருந்தார். அவருடைய வழக்கறிஞர்கள் மிரட்ட, ‘தி டைம்ஸ்’ நாளிதழில் மறுப்பு அச்சாகி, விற்காத பிரதிகள் திரும்பப் பெறப்பட்டன. ஷார்லட்டின் அக்காமார் இருவர் நோயுற்ற கோவன் பிரிட்ஜ் பள்ளியின் ஆதரவாளர்களும் சண்டைக்கு வந்தார்கள். அதே ஆண்டு வந்த மூன்றாம் பதிப்பு திருத்தி எழுதப்பட்ட பதிப்பு. சூடு முழுக்க முதல் பதிப்பில்தான் இருக்கிறது. எனவே வாங்கும்போது ‘பதிப்புக் குறிப்பு’ என்ற பகுதியைத் தேடிப் பாருங்கள். பெங்குவின் கிளாசிக்ஸ் போன்ற வரிசைகளில் எந்தப் பதிப்பின் பாடம் என்பதைத் தெளிவாகச் சொல்லிவிடுவார்கள். இணையத்தில் இலவசமாகக் கிடைக்கும் பழைய பிரதிகளில் அது சொல்லப்படாமலே இருக்கலாம். பிரான்வெல்லின் வேலை போன அத்தியாயத்தை முதலில் புரட்டுங்கள்: எஜமானி மீதான குற்றச்சாட்டு நீளமாக இருந்தால் அது திருத்தப்படாத பாடம்.

காஸ்கெல் நாவலாசிரியை என்பது ஒவ்வொரு பக்கத்திலும் தெரியும். மூர் எனப்படும் புதர் மண்டிய மேட்டுநிலத்தின் ஓரத்தில், உலகத்திலிருந்து அறுந்துகிடக்கும் ஒரு கல்வீடு, மனைவியின் பட்டு உடையைக் கத்தரித்துப் போடும் முரட்டுத் தந்தை, நோயாளிகளான மூன்று சகோதரிகள். படிக்கப் பிரமாதம். ஆனால் தந்தையைப் பற்றிய அந்தக் கதைகள், பல ஆண்டுகளுக்கு முன் அந்த வீட்டில் வேலை பார்த்துப் போன ஒரு பணிப்பெண் வழியாக, இரண்டாம் மூன்றாம் வாயில் வந்தவை. பிரான்டே குடும்பம் வாழ்ந்த ஹாவொர்த் தனிமையான கிராமமும் அல்ல, கம்பளி ஆலைகள் நிறைந்த தொழில் ஊர். சாக்கடையும் குடிநீரும் கலந்த ஊர் என்பதால் 1850-ல் பாபேஜ் என்ற அரசு ஆய்வாளர் வந்து எழுதிய அறிக்கையில் அங்கு இறப்பவர்களின் சராசரி வயது 25.8 என்று பதிவானது. அந்த ஆய்வாளர் வர வேண்டும் என்று விடாமல் மனுப்போட்டவர்களில் முதன்மையானவர் இதே பாட்ரிக் பிரான்டே. இதையெல்லாம் சரிசெய்தவர் ஹாவொர்த் அருங்காட்சியகத்தின் காப்பாளராக இருந்த ஜூலியட் பார்க்கர். அவருடைய ‘தி பிரான்டேஸ்’ 1994-ல் வந்தது, 2010-ல் திருத்திய பதிப்பு. ஆயிரம் பக்கத்தை ஒட்டிய நூல். உள்ளூர் நாளிதழ்களின் பழைய கோப்புகளைப் புரட்டி எழுதியவர் என்பதால் பாட்ரிக்குக்கும் பிரான்வெல்லுக்கும் நியாயம் கிடைக்கிறது. ஷார்லட்டிடம் மட்டும் சற்றுக் கண்டிப்பாக நடந்துகொள்கிறார் என்பது என் எண்ணம்.

இந்த இரண்டையும் சேர்த்துப் படிப்பதற்கு ஒரு எளிய கருவி தேதிப் பட்டியல். ஒரு தாளில் ஆண்டுகளை எழுதி, நூல் சொல்லும் நிகழ்ச்சிகளை நீங்களே குறித்துவாருங்கள். 1844 தொடங்கும்போது ஷார்லட் பிரஸ்ஸல்ஸிலிருந்து திரும்பினார், அன்றிலிருந்து மனச்சோர்வு. காஸ்கெல் அதற்குப் பிரான்வெல்லின் சீரழிவைக் காரணமாக நிறுத்துகிறார். ஆனால் பிரான்வெல் வேலை இழந்தது 1845 ஜூலையில். காரணம் விளைவுக்குப் பின்னால் வருகிறது. உண்மைக் காரணம் பிரஸ்ஸல்ஸ் ஆசிரியர் கான்ஸ்டன்டின் எஜே. மணமானவர். அவருக்கு ஷார்லட் எழுதிய கடிதங்களைப் பற்றி 1856-ல் பிரஸ்ஸல்ஸ் போன காஸ்கெல்லுக்குத் தெரியும், தெரிந்தே ஒதுக்கினார். மிஞ்சிய நான்கு கடிதங்களும் 1913 ஜூலையில்தான் ‘தி டைம்ஸ்’ இதழில் அச்சாயின. கிழித்துப் போட்டுப் பிறகு ஒட்டியும் தைத்தும் சேர்க்கப்பட்ட அந்தத் தாள்கள் இப்போது பிரிட்டிஷ் நூலகத்தில் இருக்கின்றன. தேதிப் பட்டியல் கையில் இருந்தால், 1913-க்கு முன் எழுதப்பட்ட எந்த ஷார்லட் வரலாற்றிலும் இந்த ஓட்டை தானாகத் தெரியும்.

கடிதம் யாரிடம் பிழைத்தது என்பதற்கும் பிரான்டேதான் சிறந்த பாடம். ஷார்லட்டுக்குப் பள்ளித் தோழிகள் இருவர். எலன் நஸ்ஸி பக்தியும் அடக்கமும் உள்ளவர். மேரி டெய்லர் தீவிரக் கருத்துகள் கொண்டவர், பின்னாளில் நியூசிலாந்துக்குப் போய்க் கடை நடத்தியவர். ஷார்லட்டின் கணவர் நிக்கல்ஸ் எரிக்கச் சொல்லியும் எலன் எரிக்கவில்லை, நூற்றுக்கணக்கான கடிதங்களைப் பத்திரப்படுத்தினார். மேரி ஏறக்குறைய எல்லாவற்றையும் அழித்துவிட்டார். நமக்குத் தெரிந்த ஷார்லட், எலனுக்கு எழுதிய ஷார்லட். அரசியல், மதம் பற்றி மேரியிடம் என்ன சொன்னார் என்பது போயே போய்விட்டது. மார்கரெட் ஸ்மித் தொகுத்த மூன்று தொகுதிக் கடிதப் பதிப்பைப் புரட்டினால் இந்தச் சாய்வு கண்ணில் படும்.

டிக்கன்ஸுக்கு வருவோம். ஜான் ஃபார்ஸ்டர் நெருங்கிய நண்பர். மூன்று தொகுதி வரலாற்றை 1872 முதல் 1874 வரை வெளியிட்டார். தந்தை ஜான் டிக்கன்ஸ் 1824 பிப்ரவரியில் 40 பவுண்டு 10 ஷில்லிங் கடனுக்காக மார்ஷல்சீ சிறைக்குப் போனதும், சிறுவன் வாரம் ஆறு ஏழு ஷில்லிங் கூலிக்கு ஷூ பாலிஷ் ஜாடிகளுக்குத் தாள் ஒட்டியதும் இந்த நூல் வரும்வரை வாசகர்களுக்குத் தெரியாது. டிக்கன்ஸே எழுதி ஃபார்ஸ்டரிடம் கொடுத்துவைத்த குறிப்பு அதில் முழுசாக இருக்கிறது. முதல் இரண்டு அத்தியாயங்களை மட்டும் படித்தாலும் போதும், ‘டேவிட் காப்பர்ஃபீல்ட்’ நாவலோடு வரிக்கு வரி ஒட்டிப்போகும் இடங்கள் கிடைக்கும். நடுப்பகுதியில் அமெரிக்கப் பயணக் கடிதங்கள் நீண்டுகொண்டே போகும். தயங்காமல் தாண்டுங்கள்.

டிக்கன்ஸின் ரகசியக் காதலி என்று கருதப்படும் எலன் டெர்னன் என்ற நடிகையைப் பற்றி ஃபார்ஸ்டர் கதைப்பகுதியில் வாயே திறக்கவில்லை. ஆனால் பிற்சேர்க்கையில் உயிலை அப்படியே அச்சிட்டார், அதில் முதல் ஆளாக எலன் லாலஸ் டெர்னனுக்கு 1,000 பவுண்டு. பிற்சேர்க்கையைப் படியுங்கள் என்று நான் சொல்வதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை. இந்த உறவைப் பற்றி டிக்கன்ஸின் மகள் கேட் சொன்னவை 1939-ல் கிளாடிஸ் ஸ்டோரியின் நூலில் வெளிவந்தன. டிக்கன்ஸ் தொலைத்த 1867-ஆம் ஆண்டுச் சட்டைப்பை நாட்குறிப்பு 1922-ல் அமெரிக்காவில் ஏலத்தில் தலைகாட்டி, இப்போது நியூயார்க் பொது நூலகத்தின் பெர்க் தொகுப்பில் இருக்கிறது. அதிலுள்ள ஒற்றை எழுத்துச் சுருக்கங்களை வைத்து அவர் எந்த ரயிலில் யாரைப் பார்க்கப் போனார் என்று கணக்குப் போட்டார்கள். இவற்றையெல்லாம் கோத்து டோமலின் 1990-ல் ‘தி இன்விசிபிள் வுமன்’ எழுதினார். அடுத்த ஆண்டுப் பேப்பர்பேக்கில் டிக்கன்ஸ் இறந்த இடம் பற்றிய ஒரு புதிய அத்தியாயம் சேர்ந்தது. பழைய கடையில் கெட்டி அட்டைப் பிரதி மலிவாகக் கிடைத்தால் அது இருக்காது.

முழு வரலாறு வேண்டுமானால் மூன்று தேர்வுகள். மைக்கேல் ஸ்லேட்டர் (2009) எழுத்து வேலையை மாதவாரியாகப் பின்தொடர்கிறார். பத்திரிகைக் கட்டுரைகள், தவணைகள், ஆசிரியர் பணி எல்லாம் அதில் துல்லியம். டோமலின் (2011) மனிதரைப் பார்க்கிறார், வேகமாக நகரும். பீட்டர் அக்ராய்ட் (1990) ஆயிரம் பக்கத்துக்கு மேல், நடுநடுவே டிக்கன்ஸ் பாத்திரங்களோடு உலாவும் கற்பனை இடைச்செருகல்கள் வேறு. லண்டன் தெருக்களின் வாடைக்கு அக்ராய்டை மிஞ்ச ஆளில்லை, ஆனால் அந்த இடைச்செருகல்களைப் படிக்காமல் விட்டால் ஒன்றும் குறையாது. ஒன்று மட்டும்தான் என்றால் நாவல்களை நிறையப் படித்தவர் ஸ்லேட்டரையும், மூன்று நான்கு மட்டும் படித்தவர் டோமலினையும் எடுக்கலாம்.

டோமலினின் 2011 நூலை முதல் அச்சில் வைத்திருப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். 1862-ல் லண்டனில் டிக்கன்ஸும் தஸ்தயேவ்ஸ்கியும் சந்தித்ததாக அதில் வரும். தம்முள் இரண்டு மனிதர்கள் இருப்பதாக டிக்கன்ஸ் ஒப்புக்கொண்டாராம். அப்படி ஒரு சந்திப்புக்கு ஆதாரமே இல்லை. 2002-ல் டிக்கன்ஸ் ஆய்விதழ் ஒன்றில் ஸ்டெஃபனி ஹார்வி என்ற பெயரில் வந்த கட்டுரையிலிருந்து கிளம்பிய கட்டுக்கதை அது. புனைபெயருக்குப் பின்னால் இருந்தவர் ஏ. டி. ஹார்வி என்று எரிக் நைமன் 2013-ல் ‘டைம்ஸ் லிட்டரரி சப்ளிமென்ட்’ இதழில் அம்பலப்படுத்தினார். கட்டுக்கதை எடுபட்டதற்குக் காரணம், அது கச்சிதமாகப் பொருந்தியது. எழுத்தாளரே தம் நாவல்களுக்கு உரை சொன்னதுபோல் ஒரு மேற்கோள் வந்தால் உடனே கடைசிப் பக்கக் குறிப்புக்குப் போங்கள். கையெழுத்துப் பிரதி எந்த நூலகத்தில் இருக்கிறது என்று அங்கே இருக்க வேண்டும். மற்றொரு கட்டுரையை மட்டும் காட்டினால் பென்சிலால் ஒரு கேள்விக்குறி போட்டுவிட்டு மேலே போங்கள்.

பென்சில் பற்றிப் பேச்சு வந்ததால்: ‘மஸ்ட் ஹேவ்’, ‘ஷ்யூர்லி’, ‘நோ டவுட்’, ‘பெர்ஹாப்ஸ்’ என்ற சொற்கள் வரும் வாக்கியங்களை அடிக்கோடிடுங்கள். முதல் ஐம்பது பக்கங்களில் இவை அடர்த்தியாக இருக்கும், பிள்ளைப் பருவத்துக்குக் காகிதம் குறைவு என்பதால் அதைப் பொறுத்துக்கொள்ளலாம். ஆபத்து எங்கே என்றால், மூன்றாம் அத்தியாயத்தில் ‘ஒருவேளை’ என்று நுழைந்தது ஏழாம் அத்தியாயத்தில் ‘நாம் பார்த்தபடி’ என்று உட்கார்ந்துகொள்ளும். ஷேக்ஸ்பியர் வரலாறுகளில் இது தொற்றுநோய். 1585 முதல் 1592 வரை அவர் என்ன செய்தார் என்பதற்கு ஆவணமே இல்லை, அதனால் அந்த ஏழாண்டுகளில் அவரைப் பள்ளி ஆசிரியராகவும் வழக்கறிஞரின் எழுத்தராகவும் படைவீரராகவும் ஆக்கிவிட்டார்கள். அங்கே ஒரே ஒரு நூல் என்றால் சாமுவேல் ஷோன்பாம் 1975-ல் வெளியிட்ட ஆவண வரலாறு, அல்லது அதன் 1977 சுருக்கம். ஞானஸ்நானப் பதிவு, நிலப் பத்திரம், உயில் என்று காகிதத்தைக் காட்டிவிட்டுப் பேசுவார்.

நாவலை வாழ்க்கைக்குச் சாட்சியாக இழுப்பது அடுத்த கோளாறு. லோவுட் பள்ளி கோவன் பிரிட்ஜிலிருந்து வந்தது, சரி. அதற்காக லோவுட்டில் ஜேன் அனுபவித்தது ஒவ்வொன்றும் ஷார்லட் அனுபவித்தது ஆகிவிடாது. அவர் எட்டு வயதில் போய் ஓராண்டுக்குள் திரும்பியவர். இதைத் தவிர்க்க ஒரு வழி: வரலாற்றைத் தொடங்குமுன் அந்த எழுத்தாளரின் படைப்புகளில் குறைந்தது மூன்றைப் படித்திருங்கள், அவற்றில் ஒன்றாவது பிற்காலத்தது. ஷார்லட்டின் பிற்கால நாவலான ‘வில்லெட்’ படிக்காமல் பிரஸ்ஸல்ஸ் அத்தியாயங்களுக்குப் போனால் நாவலின் முடிவையும் இழப்பீர்கள், வரலாற்றாசிரியரை எதிர்த்துக் கேட்கும் தெம்பும் இருக்காது. வரலாற்றாசிரியர்கள் கதை முடிவைக் கூச்சமின்றிச் சொல்லிவிடுவார்கள்.

ஜான்சனைப் பொறுத்தவரை அவர் எழுத்தைவிட அவர் வரலாறே அதிகம் படிக்கப்படுகிறது. ஜேம்ஸ் பாஸ்வெல் அவரை 1763 மே 16 அன்று கோவன்ட் கார்டன் பகுதியில் தாமஸ் டேவிஸின் புத்தகக் கடையில் முதன்முதல் சந்தித்தார். ஜான்சனுக்கு அப்போது 53 வயது, பாஸ்வெல்லுக்கு 22. நூல் வெளிவந்தது சரியாக 28 ஆண்டுகள் கழித்து, 1791 மே 16. 1763-க்கு முந்தைய ஜான்சனைப் பாஸ்வெல் அறியார், எனவே அந்தச் சந்திப்பு வரையிலான வாழ்க்கை, வறுமையும் அகராதி வேலையும் உட்பட, கேள்விப்பட்டதைக் கொண்டு சிறு பகுதியாகவே இருக்கிறது. பெரும்பகுதி பேச்சு, பாஸ்வெல் தம் நாட்குறிப்பில் சுடச்சுட எழுதிவைத்தது. முதல் பக்கத்திலிருந்து வரிசையாகப் படித்தால் ஜான்சனின் சொந்த ஊரான லிச்ஃபீல்ட் பற்றிய பகுதியில் சிக்கிப் பலர் விட்டுவிடுகிறார்கள். 1763-ஆம் ஆண்டுப் பகுதியில் தொடங்குங்கள். நூல் ஆண்டுவாரியாக அடுக்கப்பட்டிருப்பதால் கண்டுபிடிப்பது சுலபம். 1784-ல் இறப்பு வரை போய்விட்டு, இளமைக்கு வால்டர் ஜாக்சன் பேட் எழுதிய 1977 வரலாற்றுக்கு மாறுங்கள். ஜான்சன் பல ஆண்டுகள் பாதி வீடாக வைத்திருந்த ஸ்டிரெத்தம் குடும்பத்தின் ஹெஸ்டர் த்ரேல் 1786-லேயே தம் நினைவுகளை வெளியிட்டுவிட்டார். பாஸ்வெல்லுக்கு அவர் போட்டியாளர், அவரைப் பற்றிப் பாஸ்வெல் சொல்லும் எதையும் பாதி விலைக்குத்தான் வாங்க வேண்டும்.

ஹார்டிக்கு மட்டும் ஒரு தனி எச்சரிக்கை. 1928-லும் 1930-லும் இரண்டாம் மனைவி ஃபுளோரன்ஸ் பெயரில் இரண்டு தொகுதிகளாக ஒரு வரலாறு வந்தது. உண்மையில் பெரும்பாலும் ஹார்டியே படர்க்கையில் எழுதி, மனைவியைத் தட்டச்சு செய்ய வைத்து, கையெழுத்துத் தாள்களை அழித்தார். அவர் இறந்த பிறகு ஃபுளோரன்ஸ் சிலவற்றை நீக்கினார், முதல் மனைவி எம்மா பற்றியவை அதில் அடங்கும். மைக்கேல் மில்கேட் 1984-ல் ஹார்டி எழுதியபடியே மீட்டெடுத்த பாடத்தை வெளியிட்டார். அதைச் சுயசரிதை என்று நினைத்துப் படித்தால் நல்ல நூல். நடுநிலை வேண்டுமானால் மில்கேட்டின் சொந்த வரலாறு, 2004-ல் திருத்தியது. ஜார்ஜ் எலியட்டின் கணவர் ஜான் கிராஸ் 1885-ல் கொண்டுவந்த மூன்று தொகுதிகளை விட்டுவிடலாம். கடிதங்களின் காரமான வரிகளை வெட்டிவிட்டு ஒட்டியவர் அவர். கோர்டன் ஹைட்டின் 1968 வரலாறு போதும்.

படிக்கும்போது மூன்று இடங்களில் கால் தடுக்கும். முதலாவது பெயர். பட்டம் வந்தால், மணம் முடிந்தால், சொத்து கிடைத்தால் பெயர் மாறும். ஆஸ்டினின் அண்ணன் எட்வர்ட் 1812-ல் எட்வர்ட் நைட் ஆனார். மேரி ஆன் எவன்ஸ், மரியன் எவன்ஸ், திருமதி லூயிஸ், ஜார்ஜ் எலியட், திருமதி கிராஸ் எல்லாம் ஒருவரே. வம்ச வரைபடப் பக்கத்தில் ஒரு தாளைச் செருகிவையுங்கள். இரண்டாவது பணம். 12 பென்ஸ் ஒரு ஷில்லிங், 20 ஷில்லிங் ஒரு பவுண்டு, 21 ஷில்லிங் ஒரு கினி. இன்றைய ரூபாய்க்கு மாற்றிப் பார்ப்பதில் பலனில்லை, அந்தக் காலத்துக்குள்ளேயே ஒப்பிடுங்கள். 1841-ல் வீட்டு ஆசிரியையாக ஷார்லட்டின் ஆண்டுச் சம்பளம் 20 பவுண்டு, துணி வெளுக்க 4 பவுண்டு பிடித்தம், கையில் 16. ‘ஜேன் அயர்’ அவருக்குக் கொடுத்தது மொத்தம் 500. ‘பிரைட் அண்ட் பிரெஜுடிஸ்’ உரிமையை ஆஸ்டின் 110 பவுண்டுக்கு மொத்தமாக விற்றார். நாவலில் டார்சியின் ஆண்டு வருமானம் 10,000. இந்த நான்கு எண்களும் மனத்தில் இருந்தால் எந்தத் தொகை வந்தாலும் எடை தெரியும்.

மூன்றாவது தேதி. 1752-க்கு முன் இங்கிலாந்தில் சட்டப்படி புத்தாண்டு மார்ச் 25. அதனால் ஜனவரி, பிப்ரவரி நிகழ்ச்சிகளுக்கு இரட்டை ஆண்டு போடுவார்கள். அந்த ஆண்டு நாட்காட்டியை மாற்றியபோது 11 நாட்கள் தள்ளப்பட்டன. ஜான்சன் பிறந்தது ஒரு நூலில் 1709 செப்டம்பர் 7 என்றும் இன்னொன்றில் 18 என்றும் இருந்தால் இரண்டும் சரியே.

வேகத்துக்கு என் சிபாரிசு: 500 பக்க நூலுக்கு, நாளுக்கு 25 பக்கம் என்று வைத்தால் மூன்று வாரம். முன்னோர்கள் பற்றிய முதல் அத்தியாயத்தைக் கடைசியில் படித்தாலும் தவறில்லை, தாத்தாவின் தாத்தா பற்றிய 30 பக்கங்களில்தான் பலர் களைத்துப்போகிறார்கள். பாதியில் ஆர்வம் குன்றினால் நூலை மூடாமல் அந்த ஆண்டுக்கான கடிதங்களை எடுத்து நான்கைந்து படியுங்கள், பிறகு திரும்பலாம்.

பாஸ்வெல், காஸ்கெல், ஃபார்ஸ்டர், ஆஸ்டின்-லீ எல்லாம் காப்புரிமை தீர்ந்தவை, புராஜெக்ட் குட்டன்பர்க் தளத்தில் காசில்லாமல் இறக்கிக்கொள்ளலாம். எனவே காசைப் பிந்தைய நூல்களுக்கு வைத்துக்கொள்ளுங்கள். அவற்றை மட்டும் முடிந்தால் தாள் வடிவில் வாங்குங்கள். பார்க்கருக்கும் ஸ்லேட்டருக்கும் குறிப்புகள் நூலின் கடைசியில் பல பக்கங்களுக்கு நீளும். இரண்டு விரல்களை இரண்டு இடத்தில் வைத்துக்கொண்டு புரட்டுவது தாளில்தான் சுலபம். மின்னூலில் ஒவ்வொரு குறிப்புக்கும் போய்த் திரும்புவதற்குள் சலித்து, குறிப்புகளையே பார்க்காமல் விட்டுவிடத் தோன்றும்.